ரம்பம் என்று ஓர் அறிஞர்

குழந்தைகளே! ரம்பம் என்று சொன்னதும் உங்களுக்கு என்ன நினைவுக்கு வரும்? தச்சர் மரம் அறுக்கும் கருவி நினைவுக்கு வரும். இல்லாவிட்டால், வீட்டுக்கு வந்து விடாமல் பேசிக் கழுத்தை அறுக்கும் யாராவது ஒரு மாமா நினைவுக்கு வருவார்! ஆனால் யூதர்களிடம் போய் இந்தப் பெயரைச் சொன்னால் யாரும் சிரிக்க மாட்டார்கள். அவர்களுடைய மிகப் பெரிய அறிஞர் ஒருவரை எண்ணூறு ஆண்டுகளாக அவர்கள் இந்தப் பெயரால்தான் அழைக்கிறார்கள்.

ரபி மோசே பென் மைமோன் என்பது அவருடைய முழுப் பெயர். ரபி என்றால் சமய ஆசிரியர். பென் மைமோன் என்றால் மைமோனின் மகன். எபிரேய மொழியில் இந்த நான்கு சொற்களின் முதல் எழுத்துகளைச் சேர்த்துப் படித்தால் ரம்பம் என்று வரும். ஐரோப்பியர்கள் அவரை மைமோனிடிஸ் என்றார்கள். அரபு மக்கள் மூசா இப்னு மைமூன் என்றார்கள். நாம் மோசே என்றே சொல்வோம்.

அவர் கதையைத் தொடங்கும் முன் யூதர்களைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும். கி.பி. 70-ல் ரோமானியப் படை எருசலேம் நகரைப் பிடித்து, அங்கிருந்த யூதர்களின் பெரிய ஆலயத்தை இடித்துத் தள்ளியது. அதற்கு முன்பே பல நாடுகளில் பரவியிருந்த யூதர்கள், அதற்குப் பிறகு இன்னும் சிதறிப் போனார்கள். சொந்த அரசு இல்லை, ஆலயம் இல்லை. எகிப்தில் இருந்தவர் அரபு பேசினார். பிரான்சில் இருந்தவர் பிரெஞ்சு பேசினார். பிறகு எதை வைத்து நாங்கள் ஒரே மக்கள் என்று சொல்லிக்கொண்டார்கள்? புத்தகங்களை வைத்துத்தான்!

அவர்களுடைய வேதத்துக்குத் தோரா என்று பெயர். அதை வாழ்க்கையில் எப்படிக் கடைப்பிடிப்பது என்று வழிவழியாக வாய்மொழியாகச் சொல்லப்பட்ட விதிகளைக் கி.பி. 200 வாக்கில் தொகுத்தார்கள். அது மிஷ்னா. வழிபாடு பற்றி மட்டுமா அதில் இருக்கிறது? ஒருவர் தோண்டிய குழியில் அடுத்த வீட்டுக்காரரின் மாடு விழுந்துவிட்டால் நஷ்டத்தை யார் கொடுப்பது, கூலியாளுக்குக் கூலியை எப்போது கொடுத்துவிட வேண்டும் என்பதெல்லாம்கூட இருக்கிறது. மிஷ்னாவைப் பற்றி அறிஞர்கள் பல தலைமுறைகளாகச் செய்த விவாதங்களைச் சேர்த்தது தல்மூத். இன்று அச்சாகும் பதிப்பில் அது 2,711 தாள்கள்! ஒவ்வொரு தாளிலும் இரண்டு பக்கம். அதுவும் பெரும்பகுதி அரமேயம் என்ற வேறு மொழியில். ஒருவர் ஒன்று சொல்வார், இன்னொருவர் மறுப்பார், மூன்றாமவர் நடுவில் ஒரு கதையைச் சொல்வார். முடிவு என்ன என்று கண்டுபிடிப்பதற்குள் தலை சுற்றிவிடும். பக்கத்தில் ஒரு நல்ல ஆசிரியர் இருந்தால்தான் படிக்க முடியும்.

சரி, அந்த ஆசிரியர் ஊரைவிட்டு ஓடிப்போக நேர்ந்தால்? பள்ளிக்கூடமே மூடப்பட்டுவிட்டால்? யாரிடம் போய்க் கேட்பது? இந்த நிலை மோசேக்குச் சிறு வயதிலேயே வந்தது.

ஸ்பெயின் நாட்டின் கோர்டோபா நகரில் 1138-ல் அவர் பிறந்தார். (பழைய புத்தகங்களில் 1135 என்று இருக்கும்.) தந்தை மைமோன், யூதர்களின் வழக்குகளைத் தீர்த்துவைக்கும் நீதிபதி. மோசேக்கு அவரே முதல் ஆசிரியர். அப்போது தெற்கு ஸ்பெயின் இஸ்லாமிய ஆட்சியில் இருந்தது. யூதரும் கிறிஸ்தவரும் முஸ்லிம்களும் பக்கத்துப் பக்கத்தில் வாழ்ந்த ஊர் கோர்டோபா. மருத்துவம், வானியல், கணிதம், கிரேக்கத் தத்துவம் எல்லாம் அங்கே அரபு மொழியில் கிடைத்தன. இப்னு ருஷ்து என்ற புகழ்பெற்ற இஸ்லாமியத் தத்துவ அறிஞரும் அதே ஊரில், மோசேக்குப் பன்னிரண்டு ஆண்டுகள் முன்னால் பிறந்தவர்தான்.

மோசேக்குப் பத்து வயது ஆனபோது, 1148-ல், வட ஆப்பிரிக்காவிலிருந்து வந்த அல்மோகத் என்ற அரச மரபினர் கோர்டோபாவைப் பிடித்தார்கள். முன்பிருந்த ஆட்சியாளர்களைப் போல இவர்கள் இல்லை. யூதரும் கிறிஸ்தவரும் மதம் மாற வேண்டும்; அல்லது ஊரைவிட்டுப் போக வேண்டும்; இரண்டும் இல்லையென்றால் உயிர் போகும். மைமோன் குடும்பத்தைக் கூட்டிக்கொண்டு புறப்பட்டார். மோசேக்கு டேவிட் என்று ஒரு தம்பியும், சகோதரிகளும் உண்டு. பத்து ஆண்டுகளுக்கு மேல் ஊர் ஊராக அலைந்தார்கள். பிறகு 1160 வாக்கில் கடலைத் தாண்டி மொராக்கோவில் உள்ள ஃபெஸ் நகருக்குப் போனார்கள். அதுவும் அல்மோகத் ஆட்சியில் இருந்த ஊர்தான்.

அங்கே பல யூதர்கள் உயிருக்குப் பயந்து வெளியில் மதம் மாறியதாகக் காட்டிக்கொண்டு, வீட்டுக்குள் ரகசியமாகத் தங்கள் வழிபாட்டைச் செய்துகொண்டிருந்தார்கள். அந்தச் சமயத்தில் ஒரு சமயப் பெரியவர், இப்படிப்பட்டவர்கள் யூதர்களே அல்லர், இவர்கள் செய்யும் ரகசிய வழிபாட்டால் பயனே கிடையாது என்று எழுதிவிட்டார். பாவம், ஏற்கெனவே பயத்தில் இருந்த மக்கள் உடைந்துபோனார்கள்.

மோசே அப்போது இருபதுகளில் இருந்த இளைஞர். அவருக்குக் கோபம் வந்தது. உடனே பதில் எழுதினார். கத்தியைக் காட்டிச் சொல்ல வைத்த வார்த்தைக்காக ஒருவரைத் தள்ளிவைக்கக் கூடாது என்றார். இருட்டறையில் மறைந்து செய்த சின்னஞ்சிறு நற்செயலும் வீணாகாது என்றார். அதோடு விடவில்லை. இப்படியே இருந்துவிடலாம் என்று நினைக்காதீர்கள், வீட்டையும் சொத்தையும் விட்டாவது, பயமில்லாமல் வாழ முடிகிற நாட்டுக்குப் போய்விடுங்கள் என்றும் அறிவுரை சொன்னார்.

சொன்னபடி அவர் குடும்பமும் செய்தது. 1165 ஏப்ரலில் இருட்டிய பிறகு கப்பல் ஏறினார்கள். ஒரு வாரத்துக்குள் கடலில் பெரும் புயல்! கப்பல் மூழ்கிவிடும் என்றே எல்லோரும் நினைத்தார்கள். பிழைத்தால் ஒவ்வொரு ஆண்டும் அந்த நாளில் உண்ணாமல், யாரையும் பார்க்காமல் தனியாக இருந்து வழிபடுவேன் என்று மோசே உறுதி எடுத்துக்கொண்டார். கப்பல் பிழைத்தது. பாலஸ்தீனத்தின் ஆக்கர் துறைமுகத்தில் இறங்கினார்கள். எருசலேமைப் போய்ப் பார்த்தார்கள். அந்த நாட்டை அப்போது சிலுவைப் போர் வீரர்கள் ஆண்டார்கள். யூதர்கள் மிகச் சிலரே இருந்தார்கள். எனவே மறுபடியும் பயணம். கடைசியில் எகிப்து நாட்டில், கெய்ரோவை ஒட்டிய ஃபுஸ்டாட் என்ற பழைய ஊரில் வந்து தங்கினார்கள். ஒரு விஷயத்தைக் கவனித்தீர்களா? அவர்களை விரட்டியதும் இஸ்லாமிய ஆட்சி; எகிப்தில் வாழ இடம் கொடுத்ததும் இஸ்லாமிய ஆட்சிதான். மோசே இதை ஒருநாளும் மறக்கவில்லை. பின்னால் சொல்கிறேன்.

இத்தனை அலைச்சலுக்கு நடுவில் அவர் என்ன செய்துகொண்டிருந்தார் தெரியுமா? ஒரு பெரிய உரைநூல் எழுதிக்கொண்டிருந்தார்! மிஷ்னா முழுவதற்கும் விளக்கம். 23 வயதில் தொடங்கி 30 வயதில், 1168-ல் முடித்தார். அதன் முடிவில், சில பகுதிகளை வழிநடையிலும் சில பகுதிகளைக் கப்பலிலும் இருந்தபடி எழுதியதாகக் குறிப்பிடுகிறார். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ள வேண்டும் என்ற பொருளில்! புத்தகங்களை எல்லாம் மூட்டை கட்டித் தூக்கிக்கொண்டு போக முடியாது அல்லவா? படித்ததை மனத்தில் வைத்திருந்ததால்தான் இது முடிந்தது. இந்த நூலை அவர் அரபு மொழியில், ஆனால் எபிரேய எழுத்தில் எழுதினார். அந்த நாட்டு யூதர்கள் பேசியது அரபு. குழந்தையிலிருந்து எழுதப் பழகியது எபிரேய எழுத்து. ஆகவே எல்லோருக்கும் புரியும்.

எகிப்துக்கு வந்ததும் நிம்மதியாக எழுதிக்கொண்டே இருந்தார் என்று நினைத்துவிடாதீர்கள். 1168-ல் எருசலேம் அரசர் அமல்ரிக் எகிப்தின் மீது படையெடுத்து, பில்பெய்ஸ் என்ற ஊரைப் பிடித்து மக்களைச் சிறைபிடித்துக்கொண்டு போனார். அவர்களில் யூதர்களும் இருந்தார்கள். பணம் கொடுத்தால்தான் மீட்க முடியும். மோசே ஊர் ஊராகக் கடிதம் எழுதிப் பணம் திரட்டினார். ஊருக்குப் புதிதாக வந்த அகதி ஒருவர் இப்படி முன்னால் நின்றதைப் பார்த்துத்தான் எகிப்து யூதர்கள் அவரைத் தங்கள் தலைவராகப் பார்க்கத் தொடங்கினார்கள்.

1172-ல் ஏமன் நாட்டிலிருந்து ஒரு கடிதம் வந்தது. அங்கே ஒரு கொடிய ஆட்சியாளர் யூதர்களை மதம் மாறச் சொல்லி வதைத்தார். போதாததற்கு, தன்னைக் கடவுள் அனுப்பிய மீட்பரின் தூதன் என்று சொல்லிக்கொண்டு ஒருவன் கிளம்பியிருந்தான். சொத்தை எல்லாம் தானம் செய்துவிட்டு என் பின்னால் வாருங்கள் என்றான். மக்கள் குழம்பிப்போய், கேட்க ஆளில்லாமல், எகிப்தில் இருந்த மோசேயைக் கேட்டார்கள்.

மோசே நீண்ட பதில் எழுதினார். இதற்கு முன்பும் நம் மக்களுக்கு எத்தனையோ துன்பம் வந்தது, வந்தவர்கள் போனார்கள், நாம் இருக்கிறோம் என்று பழைய வரலாற்றை எடுத்துச் சொல்லித் தைரியம் கொடுத்தார். பொய்யான மீட்பரை நம்பி மோசம் போகாதீர்கள் என்றார். இந்தக் கடிதத்தை நகல் எடுத்து ஒவ்வோர் ஊருக்கும் அனுப்பி, ஆண்கள், பெண்கள், குழந்தைகள் எல்லோரும் கேட்கும்படி படிக்கச் சொன்னார். கடிதம் வேண்டாதவர் கையில் சிக்கினால் எழுதியவர் உயிருக்கே ஆபத்து. அது அவருக்கும் தெரியும், கடிதத்திலேயே சொல்லியிருக்கிறார். இருந்தும் கையெழுத்திட்டு அனுப்பினார்! ஏமன் யூதர்கள் தங்கள் வழிபாட்டில் அவர் பெயரையும் சேர்த்துச் சொன்னார்கள் என்று, பின்னால் வந்த நாக்மனிடிஸ் என்ற அறிஞர் எழுதியிருக்கிறார்.

இனி தம்பி டேவிட்டின் கதை. இது நம் நாட்டையும் தொடுகிற கதை.

சமய அறிவை விற்றுப் பிழைக்கக் கூடாது என்பது மோசேயின் கொள்கை. யாருக்குத் தீர்ப்புச் சொன்னாலும் பாடம் சொன்னாலும் காசு வாங்க மாட்டார். அப்படியானால் வீட்டுச் செலவு? அதைத் தம்பி பார்த்துக்கொண்டார். டேவிட் ரத்தின வியாபாரி. அண்ணன் உட்கார்ந்து படிக்கட்டும், எழுதட்டும் என்று அவர் ஊர் ஊராகப் போய்ச் சம்பாதித்தார்.

ஒருமுறை டேவிட் நைல் ஆற்று வழியாகப் போய், பாலைவனத்தைத் தாண்டி, செங்கடல் கரையில் உள்ள ஐதாப் என்ற துறைமுகத்துக்குப் போனார். கூட்டமாகப் போகும் ஒட்டக வரிசையோடு போகாமல், ஒரே ஒரு துணையோடு தனியாகப் போய்விட்டார். பெரிய முட்டாள்தனம்தான்! ஆனால் அதிசயம் பாருங்கள், அந்த ஒட்டக வரிசை கொள்ளையர்களிடம் மாட்டியது, சிலர் கொல்லப்பட்டார்கள், சிலர் தாகத்தால் செத்தார்கள். டேவிட் பிழைத்தார். ஐதாபில் வாங்கும்படியான சரக்கு எதுவும் இல்லை. அங்கிருந்து கப்பல் ஏறினால் இந்தியா. மிளகும் வாசனைப் பொருள்களும் கிடைக்கும் மலபார் கரை. கிளம்பிவிடுவது என்று முடிவு செய்து அண்ணனுக்குக் கடிதம் எழுதினார். பாலைவனத்தில் காப்பாற்றிய கடவுள் கடலிலும் காப்பாற்றுவார், கவலைப்படாதீர்கள், என் மனைவிக்குத் தைரியம் சொல்லுங்கள் என்று கேட்டுக்கொண்டார்.

இப்படிக் கடலோடிக்கொண்டிருந்த டேவிட், ஒருநாள் இந்துப் பெருங்கடலில் மூழ்கி இறந்துபோனார். அவரோடு குடும்பத்தின் பணமும், மற்றவர்கள் நம்பிக் கொடுத்த பணமும் போயின.

மோசே படுக்கையில் விழுந்தார். ஏறக்குறைய ஓர் ஆண்டு எழுந்திருக்கவில்லை. எட்டு ஆண்டுகள் கழித்து ஆக்கர் நகர நண்பர் ஒருவருக்கு எழுதிய கடிதத்தில்கூட அந்தத் துயரம் ஆறவில்லை. தன் மடியில் வளர்ந்த தம்பி, தன்னிடமே படித்த மாணவன் என்று எழுதுகிறார். தம்பியின் கையெழுத்தையோ, அவர் வைத்திருந்த புத்தகத்தையோ பார்க்க நேர்ந்தால் நெஞ்சு கலங்கிவிடுகிறது என்கிறார். எவ்வளவு பெரிய அறிஞர்! ஆனாலும் தம்பிக்காக அழுதார்.

தம்பியின் மனைவியும் சின்னஞ்சிறு மகளும் இப்போது அவர் பொறுப்பு. அப்போதும் சமய அறிவுக்குக் காசு வாங்குவதில்லை என்ற கொள்கையை விடவில்லை. கற்றிருந்த மருத்துவத்தைத் தொழிலாகக் கொண்டார். விரைவில் பெயர் பரவியது. எகிப்தை ஆண்ட சுல்தான் சலாவுதீனின் அமைச்சர் அல்-ஃபாதில் அவரை அரண்மனை மருத்துவராக்கினார். பின்னர் சலாவுதீனின் மகன் அல்-அஃப்தலுக்கும் மருத்துவம் பார்த்தார். ஆஸ்துமா, நச்சுக்கடி என்று பல தலைப்புகளில் மருத்துவ நூல்கள் எழுதினார். நெரிசலான நகரத்தின் அழுக்குக் காற்று உடம்புக்குக் கேடு என்று எண்ணூறு ஆண்டுகளுக்கு முன்பே எழுதியவர் அவர்!

இவ்வளவுக்கும் நடுவில், பத்து ஆண்டுகள் இரவும் பகலும் உழைத்து அவர் எழுதியது 'மிஷ்னே தோரா' என்ற பெருநூல். 1180 வாக்கில் முடிந்தது. பதினான்கு பாகங்கள், ஆயிரம் அத்தியாயங்கள். தல்மூதில் கடல்போலப் பரந்து கிடந்த விதிகளை எல்லாம் தலைப்புவாரியாகப் பிரித்து, முடிவை மட்டும் தெளிவான, எளிய எபிரேயத்தில் எழுதிவைத்தார். ஆசிரியர் இல்லாத ஊரில் இருப்பவரும், அலைந்துகொண்டிருப்பவரும், பெரியவரும் சிறியவரும் தாமே எடுத்துப் படித்துத் தெரிந்துகொள்ளலாம். அலைந்து திரிந்த பையன் வளர்ந்து எழுதிய புத்தகம் இப்படித்தானே இருக்கும்!

அதில் தருமம் செய்வதைப் பற்றி ஒரு பகுதி இருக்கிறது. தருமத்துக்கு எட்டுப் படிகள் என்கிறார். முகத்தைச் சுளித்துக்கொண்டு கொடுப்பது அடிப்படி. கேட்ட பிறகு கொடுப்பதைவிடக் கேட்கும் முன்பே கொடுப்பது மேல். கொடுப்பவர் யார், வாங்குபவர் யார் என்று இருவருக்குமே தெரியாமல் கொடுப்பது அதைவிட மேல். அதற்கும் மேலே ஒன்று உண்டு, அதுதான் உச்சிப்படி. என்னவாக இருக்கும்? நொடிந்துபோகிறவரைக் கைதூக்கி, கடன் கொடுத்தோ, தொழிலில் கூட்டுச் சேர்த்தோ, வேலை கொடுத்தோ, அவர் இனி யாரிடமும் கையேந்தாதபடி செய்வது.

இந்த நூலை எல்லோரும் பாராட்டினார்களா என்றால், இல்லை. கணக்குப் பரீட்சையில் விடையை மட்டும் எழுதி, வழிமுறையை எழுதாவிட்டால் ஆசிரியர் முழு மதிப்பெண் தருவாரா? மோசே செய்தது அதுதான். இந்த முடிவை எந்த அறிஞர், எந்த இடத்தில் சொன்னார் என்று குறிப்பிடவே இல்லை. தெற்கு பிரான்சில் இருந்த ஆபிரகாம் பென் டேவிட் என்ற பெரியவர் கடுமையாகக் குறை சொல்லி, வரிக்கு வரி மறுப்பு எழுதினார். அவர் கேட்டது நியாயம்தான் என்பது என் எண்ணம். இதில் அழகு என்னவென்றால், இன்றும் மிஷ்னே தோராவை அச்சிடும்போது, அதே பக்கத்தில், ஓரத்தில் அந்த மறுப்பையும் சேர்த்தே அச்சிடுகிறார்கள். படிப்பவர் இருவர் சொல்வதையும் பார்த்துக்கொள்ளலாம்.

அடுத்த பெரிய நூல் வேறு மாதிரி. யோசேப்பு என்று ஒரு மாணவர் அவரிடம் படித்தார். கெட்டிக்காரர். கணிதம், வானியல், தத்துவம் எல்லாம் படித்ததும் குழப்பம் வந்துவிட்டது. வேதத்தில் கடவுளின் கை, கடவுளின் கண் என்றெல்லாம் வருகிறதே, கடவுளுக்கு உடம்பு உண்டா? அறிவு ஒன்று சொல்கிறது, வேதம் ஒன்று சொல்வதுபோல் இருக்கிறதே, எதை விடுவது? பாடம் முடிவதற்குள் யோசேப்பு ஊரைவிட்டுப் போக நேர்ந்தது. மோசே அவருக்காக அத்தியாயம் அத்தியாயமாக எழுதி அனுப்பினார். 1190 வாக்கில் நிறைவடைந்த அந்த நூலின் பெயர் 'குழம்பியோருக்கு வழிகாட்டி'. கடவுளுக்கு உடம்பு கிடையாது, கை என்றால் வல்லமை என்பதுபோல அந்தச் சொற்களை உவமையாகக் கொள்ள வேண்டும், அறிவும் கடவுள் தந்ததே, அதை மூடிவைக்க வேண்டியதில்லை என்பது அதன் சாரம். பெரியவர்களுக்கே கடினமான நூல். நீங்கள் வளர்ந்த பிறகு முயன்று பாருங்கள். ஒரே ஒரு மாணவருக்காகத் தொடங்கியதை, லத்தீனில் மொழிபெயர்த்துத் தாமஸ் அக்வினாஸ் போன்ற கிறிஸ்தவ அறிஞர்களும் படித்தார்கள்.

தெற்கு பிரான்சிலிருந்து சிலர் சோதிடத்தைப் பற்றிக் கேட்டபோதும் அவர் வளைந்து கொடுக்கவில்லை. அந்தக் காலத்தில் படித்தவர்களே அதை நம்பினார்கள். மோசே, கிடைத்த சோதிட நூல்களை எல்லாம் படித்துப் பார்த்துவிட்டேன், அது அறிவியல் அல்ல என்று எழுதினார். புத்தகத்தில் எழுதியிருப்பதாலேயே ஒன்று உண்மையாகிவிடாது என்றும் சொன்னார். அத்தனை புத்தகம் எழுதியவர் சொன்னது இது!

அவர் எழுதிய எல்லாவற்றிலும் எனக்கு மிகவும் பிடித்தது ஒரு சின்னக் கடிதம். ஒபதியா என்று ஒருவர். வேறு சமயத்திலிருந்து தாமாகவே விரும்பி யூதராக மாறியவர். யூதர்களின் வழிபாட்டில் எங்கள் முன்னோரின் கடவுளே என்று சொல்லும் இடம் வரும். என் முன்னோர் யூதர் இல்லையே, நான் அப்படிச் சொல்லலாமா என்று அவருக்குச் சந்தேகம். தாராளமாகச் சொல்லுங்கள் என்று மோசே எழுதினார். முதன்முதலில் ஒரே கடவுளைக் கண்டறிந்த ஆபிரகாமின் வழியில் வருபவர் எவரும் ஆபிரகாமின் பிள்ளைதான், பிறப்பால் வந்தவருக்கும் உங்களுக்கும் எந்த வேறுபாடும் இல்லை என்றார்.

அதே ஒபதியாவுக்கு இன்னொரு பிரச்சினையும் வந்தது. முஸ்லிம்கள் சிலை வணங்குபவர்கள் என்று அவருடைய ஆசிரியர் சொன்னார். இல்லையே என்றார் ஒபதியா. உடனே ஆசிரியர் கோபம் கொண்டு அவரை முட்டாள் என்று திட்டி அவமானப்படுத்திவிட்டார். விஷயம் மோசேயிடம் வந்தது. முஸ்லிம்கள் ஒரே கடவுளைக் களங்கமில்லாமல் வணங்குபவர்கள், ஒபதியா சொன்னதே சரி என்று அவர் தீர்ப்பு எழுதினார். பத்து வயதில் அவரை ஊரைவிட்டு விரட்டியவர்கள் யார் என்பது உங்களுக்கு நினைவிருக்கும். அந்தக் கோபத்தில் பொய் சொல்ல அவர் தயாராக இல்லை. தாயையும் தந்தையையும் பிறந்த மண்ணையும் விட்டு வந்த மனிதரை முட்டாள் என்று சொன்ன அந்த ஆசிரியர், மாணவரிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்றும் எழுதினார். முப்பது ஆண்டுகளுக்கு மேல் கரும்பலகை முன் நின்ற எனக்கு, இந்தக் கடிதத்தைப் படிக்கும்போதெல்லாம் நிமிர்ந்து உட்காரத் தோன்றும்.

தெற்கு பிரான்சில் லூனெல் என்ற ஊரைச் சேர்ந்த சாமுவேல் இப்னு திப்போன், 'குழம்பியோருக்கு வழிகாட்டி' நூலை எபிரேயத்தில் மொழிபெயர்த்தார். நேரில் வந்து சந்தேகம் கேட்கட்டுமா என்று எழுதினார். 1199-ல் மோசே அனுப்பிய பதிலில் தன்னுடைய ஒருநாள் பொழுதை விவரித்திருக்கிறார். காலையில் கெய்ரோவில் உள்ள அரண்மனைக்குப் போக வேண்டும். யாருக்காவது உடம்பு சரியில்லை என்றால் பகல் முழுவதும் அங்கேதான். இல்லாவிட்டாலும் வீடு திரும்பப் பிற்பகல் ஆகிவிடும். பசி உயிரை வாங்கும். வீட்டு முற்றத்தில் யூதர், பிற சமயத்தார், பெரிய மனிதர், ஏழை, நண்பர், பகைவர் என்று நோயாளிகள் நிறைந்திருப்பார்கள். கை கழுவிக்கொண்டு, கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள் என்று அவர்களைக் கேட்டுக்கொண்டு, ஏதோ சிறிது சாப்பிடுவார். ஒருநாளுக்கு அந்த ஒரு வேளைதான் சாப்பாடு! இருட்டிய பிறகும் வைத்தியம் தொடரும். களைப்பில் படுத்துக்கொண்டே மருந்து சொல்வார். ஓய்வுநாளில் ஊர் யூதர்கள் எல்லோரும் வந்துவிடுவார்கள். ஆகவே இவ்வளவு தூரம் வந்தாலும் தனியாக ஒரு மணி நேரம்கூடப் பேச முடியாது, வர வேண்டாம் என்று எழுதிவிட்டார். ஆனால் மொழிபெயர்ப்புக்கு ஒரு நல்ல யோசனை சொன்னார். சொல்லுக்குச் சொல் மாற்றினால் நூல் கெட்டுப்போகும். முதலில் பொருளைப் புரிந்துகொண்டு, பிறகு உங்கள் மொழிக்கு ஏற்றபடி எழுதுங்கள் என்றார்.

லூனெல் அறிஞர்களுக்கு எழுதிய இன்னொரு கடிதத்தில் பல நாட்டு யூதர்களின் நிலையைச் சொல்லும்போது, இந்தியாவில் வாழும் யூதர்களையும் குறிப்பிடுகிறார். ஓய்வுநாள் போன்ற ஓரிரு வழக்கங்களைத் தவிர அவர்களுக்கு வேதம் தெரியவில்லை என்று கவலைப்படுகிறார். தம்பியை விழுங்கிய கடலுக்கு அக்கரையில் இருந்தவர்களையும் அவர் நினைத்துக்கொண்டிருந்தார்.

1204 டிசம்பர் 13-ம் நாள் மோசே காலமானார். அதற்குச் சில நாட்கள் முன்னால்தான் சாமுவேலின் மொழிபெயர்ப்பு முடிந்திருந்தது. அவர் உடல் கலிலேயாவில் உள்ள திபேரியா ஊரில் அடக்கம் செய்யப்பட்டதாக யூதர்கள் நம்புகிறார்கள். இன்றும் மக்கள் அங்கே போய் வணங்குகிறார்கள். மகன் ஆபிரகாம் இருபது வயது நிரம்பும் முன்பே எகிப்து யூதர்களின் தலைவரானார். 'குழம்பியோருக்கு வழிகாட்டி' நூலைப் படிக்கக் கூடாது என்று 1232-ல் தெற்கு பிரான்சில் சிலர் தடை போட்டார்கள். படிப்பது நிற்கவில்லை.

கதை இத்தோடு முடியவில்லை குழந்தைகளே! கடவுள் பெயர் எழுதிய தாளைக் குப்பையில் போடக் கூடாது என்பது யூதர்களின் வழக்கம். பழைய தாள்களை எல்லாம் ஓர் அறையில் போட்டுவைப்பார்கள். ஃபுஸ்டாட்டில் பென் எஸ்ரா என்ற தொழுகைக்கூடத்தில் அப்படி ஓர் அறை. கடிதம், ரசீது, பள்ளிக்கூடப் பிள்ளைகள் எழுதிப் பழகிய தாள் என்று எல்லாம் பல நூறு ஆண்டுகளாக அதில் குவிந்துகிடந்தன. 1896-ல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த சாலமன் ஷெக்டர் அங்கே போய், பல மாதங்கள் தூசியில் மூழ்கி, ஏறத்தாழ 1,93,000 தாள்களையும் துண்டுகளையும் கேம்பிரிட்ஜுக்குக் கொண்டுபோனார்.

அவற்றில் மோசேயின் கையெழுத்துத் தாள்களும் இருந்தன! எழுதி, பிடிக்காமல் அடித்து, வரிக்கு மேலே வேறு சொல் போட்டுத் திருத்திய தாள்கள். மகனிடமிருந்து கடிதமே வரவில்லை, கொஞ்சம் விசாரித்துச் சொல்லுங்கள் என்று சகோதரி மிரியம் அவருக்கு எழுதிய கடிதமும் கிடைத்தது. ஐதாப் துறைமுகத்திலிருந்து, இந்தியாவுக்குக் கப்பல் ஏறும் முன் தம்பி டேவிட் எழுதிய கடிதமும் அந்தக் குவியலில் இருந்தது. இப்போது அது கேம்பிரிட்ஜ் நூலகத்தில் இருக்கிறது. எண்ணூறு ஆண்டுகளுக்கு மேல் ஆகியும் படிக்க முடிகிறது.